மரம் எந்தப் பக்கம் விழும்? ஏற்காட்டுத் தோட்டங்களில் மரம் வெட்டும் வேலை, ஓர் எளிய அறிமுகம்

ஏற்காட்டு மலைப்பாதையில் கட்டை ஏற்றிய லாரி ஒன்று முதல் கியரில் முனகிக்கொண்டு இறங்குவதைப் பார்த்தால், பின்னால் காரில் வருகிறவர்கள் சொல்வது பெரும்பாலும் ஒன்றுதான்: "காட்டையே வெட்டி எடுத்துட்டுப் போறாங்க." கோபத்தைக் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்த லாரியில் இருப்பது அநேகமாகக் காட்டு மரம் இல்லை, காபித் தோட்டத்தில் யாரோ நட்டு வளர்த்த சில்வர் ஓக். அதை வெட்டியவர்களைப் பற்றியும் அந்த வேலை எப்படி நடக்கிறது என்பதைப் பற்றியும் கீழே சேலத்தில் இருக்கிற நமக்கே அதிகம் தெரியாது. மரம் அறுக்கும் மில் தெரியும், கட்டில் கடை தெரியும், நடுவில் இருக்கிற ஆளைத் தெரியாது.

இந்தக் கட்டுரை அந்த வேலையை ஒன்றும் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறது. அதில் ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் கொஞ்சம் அதிக நேரம் நிற்கப்போகிறேன்: நிற்கிற மரத்தை நினைத்த பக்கத்தில் விழவைப்பது எப்படி? மரம் வெட்டுவதில் கற்றுக்கொள்ள வேண்டியது பெரும்பாலும் அதுதான். அறுப்பதற்கு மெஷின் இருக்கிறது. திசைக்கு மெஷின் கிடையாது.

யாருடைய மரம்?

ஏற்காடு இருக்கிற சேர்வராயன் மலையில் மரங்கள் இரண்டு வகை நிலத்தில் நிற்கின்றன. ஒன்று வனத்துறையின் காப்புக்காடு. இன்னொன்று பட்டா நிலம், அதாவது பெரும்பாலும் காபித் தோட்டங்கள். 1820-களில் சேலம் கலெக்டராக இருந்த எம்.டி. காக்பர்ன் இந்த மலைக்குக் காபியைக் கொண்டுவந்தார். நம் ஊர்க் காபி நேரடி வெயிலில் வளர்க்கும் செடி இல்லை, அதற்கு மேலே நிழல் வேண்டும். பலா, அத்தி போன்ற மரங்களை அதற்காகவே விட்டுவைத்தார்கள். ஆஸ்திரேலியாவின் கிழக்குப் பகுதியிலிருந்து வந்த சில்வர் ஓக்கையும் நட்டார்கள். அது நேராக, வேகமாக வளரும், அடிமரத்தில் மிளகுக் கொடியை ஏற்றிவிடலாம், இருபது இருபத்தைந்து ஆண்டு கழித்து ஒட்டுப்பலகைக்கும் பெட்டிப்பலகைக்கும் விற்கலாம். தோட்டக்காரருக்கு அது நிழலும், கொழுகொம்பும், வங்கியில் போட்ட பணமும்.

காப்புக்காட்டின் கதை வேறு. 1996 டிசம்பர் 12 அன்று, காடுகளைக் காப்பது பற்றிய கோதவர்மன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த உத்தரவுக்குப் பிறகு, நாடு முழுக்கக் காடுகளில் மரம் வெட்டுவது கிட்டத்தட்ட நின்றுபோனது. மத்திய அரசு ஒப்புக்கொண்ட செயல்திட்டம் இருந்தால் மட்டுமே வெட்டலாம் என்றானது. தமிழ்நாட்டைப் பற்றிய பகுதியில் அந்த உத்தரவு, தானாக முளைத்த மரத்தையும் நட்டு வளர்த்த மரத்தையும் வேறுவேறாகப் பார்த்தது. அதனால்தான் இன்று இந்த மலையில் மரம் வெட்டும் ஆள் என்றால், ஏறக்குறைய எப்போதும் தோட்டத்து மரத்தை வெட்டும் ஆள்.

தோட்டத்து மரம் என்பதால் நினைத்தபோது வெட்டிவிட முடியாது. மலைப்பகுதி மரங்களைக் காக்க 1955-லேயே தமிழ்நாட்டில் தனிச் சட்டம் வந்துவிட்டது. வெட்டிய கட்டையை எடுத்துப்போவதற்கு 1968-ஆம் ஆண்டின் மரப் போக்குவரத்து விதிகள் இருக்கின்றன. எந்த மரம், எந்த நிலம் என்பதைப் பொறுத்து அனுமதி மாறும். களத்தில் எல்லோரும் பேசுவது "பாஸ் வந்துருச்சா?" என்ற ஒரே கேள்வியைத்தான். பாஸ் வரும்வரை வெட்டும் ஆட்களின் செட்டும் லாரியும் காத்திருக்க வேண்டியதுதான்.

சந்தனத்தை இதோடு சேர்க்கக் கூடாது. அது பட்டா நிலத்தில் நின்றாலும் அதற்கென்று தனி விதிகள் உண்டு, 2008-ல் புதிதாகவும் வந்தன. அதை வெட்டுவதும் இல்லை. எண்ணெய் வேரிலும் இருப்பதால் தோண்டி, வேரோடு எடுப்பார்கள். அந்த வேலையும் அதன் ஆட்களும் வேறு. இங்கே நிறுத்திக்கொள்கிறேன்.

எப்போது வெட்டுவார்கள்?

தோட்டத்தின் நாள்காட்டிதான் மரவெட்டின் நாள்காட்டி. அராபிகாக் காபிப் பழம் பறிப்பது நவம்பர் வாக்கில் தொடங்கி ஜனவரி, பிப்ரவரிவரை போகும். பழம் செடியில் இருக்கும்போது அதன்மேல் மரத்தைச் சாய்க்க எந்தத் தோட்டக்காரரும் விடமாட்டார். பறித்து முடிந்ததும் ஒரு சின்ன இடைவெளி கிடைக்கும். பிறகு கோடை மழை விழுந்து காபி பூத்துவிடும். அப்போது வெட்டினால் பூ போச்சு. அதற்கும் பிறகு தென்மேற்குப் பருவமழை. ஈரச் சரிவில் கால் நிற்காது, அட்டை வேறு. மிளகுக் கொடி ஏறிய மரம் என்றால் மிளகு அறுவடைக்கும் காத்திருக்க வேண்டும்.

ஆக, நல்ல வேலை நாள் என்பது வருடத்தில் சில வாரங்களுக்குள் நெருக்கியடித்துக்கொண்டு வருகிறது. மீதி மாதங்களில் அதே ஆட்கள் காபிச் செடி கவாத்து செய்வார்கள், நிழல் மரங்களின் கிளை கழிப்பார்கள், சேலத்துக்கு இறங்கிக் கட்டட வேலைக்கும் போவார்கள். இவர்களில் பலர் மலையாளிப் பழங்குடியினர். கேரளத்து மலையாளிகள் இல்லை, இந்த மலையிலேயே தலைமுறை தலைமுறையாக வாழ்கிற தமிழ் பேசும் மக்கள். மே மாதம் சேர்வராயன் கோயில் திருவிழா வந்தால், மேஸ்திரி என்ன தொகை சொன்னாலும் அந்த நாட்களில் ஆள் கிடைக்காது.

மரத்தைப் பார்ப்பது

ஒரு செட்டில் மேஸ்திரி, மெஷின்காரர், மரம் ஏறுபவர், கயிறு பிடிக்கிறவர்கள், விழுந்த மரத்தில் கிளை கழிக்கிறவர்கள் என்று சிலர் இருப்பார்கள். மெஷின் என்றால் சங்கிலி ரம்பம். முன்பு இரண்டு பேர் எதிரெதிரே உட்கார்ந்து இழுத்த நீள ரம்பத்தின் வேலையை இப்போது அது செய்கிறது. ஆனால் காலையில் முதலில் எடுப்பது மெஷினை இல்லை. மேஸ்திரி மரத்தைச் சுற்றி ஒரு நடை நடப்பார். கொஞ்சம் தள்ளிப்போய் நின்று பார்ப்பார். மறுபடியும் சுற்றுவார். புதிதாகப் பார்க்கிறவருக்கு மனிதர் வேலையைத் தொடங்காமல் இழுத்தடிக்கிறார் என்று தோன்றும்.

அவர் பார்ப்பது இவற்றைத்தான். மரம் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது? அடிமரம் நேராக இருந்தாலும் உச்சிக் கிளைகள் ஒரு பக்கம் கனமாக இருக்கலாம். சரிவில் வளர்ந்த மரம் வெளிச்சத்தைத் தேடிப் பள்ளத்தின் பக்கமாகவே கிளை விட்டிருக்கும், அதன் எடை அந்தப் பக்கம்தான் இழுக்கும். உச்சியில் காய்ந்த கிளை எதுவும் தொங்குகிறதா? மரம் அதிரும்போது முதலில் விழுவது அதுதான், விழுவதும் நேராக அடியில் நிற்கிறவர் தலையில். கொடிகள் பக்கத்து மரத்தோடு பின்னிக் கட்டியிருக்கின்றனவா? அப்படியிருந்தால் இந்த மரம் விழும்போது அந்த மரத்தின் கிளையையும் பிய்த்துக்கொண்டு வரும். கதண்டுக் கூடோ மலைத்தேனீக் கூடோ இருக்கிறதா? இருந்தால் அன்றைக்கு அந்த மரத்தை விட்டுவிடுவதே புத்திசாலித்தனம். அடிமரத்தைக் கோடாலியின் பின்பக்கத்தால் தட்டிக் காதைக் கொடுத்துக் கேட்பார்கள். ஓசை உள்ளே வெற்றாகக் கேட்டால் பொந்து விழுந்திருக்கிறது. அப்படிப்பட்ட மரம் கீழே நான் சொல்லப்போகும் எந்தக் கணக்குக்கும் கட்டுப்படாது.

அப்புறம் காபிச் செடி. தைலமரத் தோப்பிலோ தரிசிலோ மரம் எங்கே விழுந்தாலும் மரம்தான் நஷ்டம். காபித் தோட்டத்தில் அப்படியில்லை. விழுகிற மரத்தின் நீளத்துக்கு ஒரு வரிசைச் செடிகள் ஒடியும். ஒடிந்த செடி மறுபடி காய்க்கச் சில வருடங்கள் ஆகும். அதனால் செடி வரிசைகளுக்கு நடுவே இருக்கும் பாதையையோ, செடி செத்துப்போன வெற்றிடத்தையோ தேடி, அந்தக் குறுகலான இடத்தில் மரத்தைக் கிடத்த வேண்டும். இடமே இல்லையென்றால் ஏறுகிறவர் கயிற்றோடு மேலே போய்க் கிளைகளை ஒவ்வொன்றாகக் கழித்து, மரத்தை மொட்டையாக்கிய பிறகுதான் அடியில் கை வைப்பார்கள். கொடுவாளை இடுப்பில் செருகிக்கொண்டு, ஐம்பது அடி உயரத்தில், ஒரு காலை மட்டும் கவையில் வைத்து நிற்கிற ஆளைக் கீழேயிருந்து பார்த்தால் நமக்குத்தான் உள்ளங்கை வியர்க்கும். இடுப்பில் பாதுகாப்புப் பட்டை கட்டிய ஆட்களையும் பார்த்திருக்கிறேன், வெறும் தென்னங்கயிற்றோடு ஏறியவர்களையும் பார்த்திருக்கிறேன். இரண்டாவது வகைதான் அதிகம்.

கடைசியாக, ஓடுகிற வழி. மரம் விழும் திசைக்குப் பின்பக்கமாக, கொஞ்சம் பக்கவாட்டில் விலகி, இரண்டு பாதைகளை அரிவாளால் சுத்தம் செய்து வைத்துக்கொள்வார்கள். நேர் பின்னால் ஓடக் கூடாது, விழும்போது அடிமரம் பின்னோக்கி எகிறும். மற்றவர்கள் மரத்தின் உயரத்தைப் போல இரண்டு மடங்கு தூரத்துக்கு அப்பால் நிற்க வேண்டும். சரிவில் கீழ்ப்பக்கம் யாருமே நிற்கக் கூடாது.

மூன்று வெட்டுகளும் ஒரு கீலும்

இப்போது முக்கியமான இடத்துக்கு வந்துவிட்டோம்.

மரத்தை ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம்வரை நேராக அறுத்துக்கொண்டே போனால் என்ன ஆகும்? பாதி அறுக்கும்போதே மரத்தின் எடை ரம்பத்தின்மேல் உட்கார்ந்துவிடும், மெஷின் சிக்கிக்கொள்ளும். அல்லது மரம் தனக்குப் பிடித்த பக்கம் விழும். இரண்டுமே வேண்டாம். அதனால் மரத்துக்கு அடியில் ஒரு கதவுக் கீலைச் செய்ய வேண்டும். கதவு கீல் இருக்கிற பக்கத்தைச் சுற்றி மட்டும்தானே திரும்பும்? அதே வேலைதான்.

எப்படிச் செய்வது? அடியில் 5 அடி சுற்றளவுள்ள ஒரு சில்வர் ஓக் என்று வைத்துக்கொள்வோம். அதன் குறுக்களவு சுமார் 19 அங்குலம். முதலில், மரம் எந்தப் பக்கம் விழ வேண்டுமோ அந்தப் பக்கத்தில் வாய் திறந்த மாதிரி ஒரு ஆப்பு வடிவத் துண்டை வெட்டி எடுக்கிறார்கள். மேலிருந்து சாய்வாக ஒரு வெட்டு, கீழே மட்டமாக ஒரு வெட்டு, இரண்டும் உள்ளே ஒரே கோட்டில் சந்திக்க வேண்டும். இதை முன்வெட்டு என்று வைத்துக்கொள்வோம். ஆழம் குறுக்களவில் கால் பங்கு போதும், நம் மரத்துக்கு ஐந்து அங்குலத்துக்குள். அந்த வாயின் உள்கோட்டுக்குச் செங்கோணமாகத்தான் மரம் விழும். கோடு ஒரு விரல் அளவு கோணினாலும் அறுபது அடி தாண்டி உச்சி எங்கேயோ போய் விழும். அதனால்தான் மெஷினை அணைத்துவிட்டு, வாயில் கையை விட்டுத் துழாவிப் பார்த்து, கொஞ்சம் செதுக்கி, மறுபடி பார்ப்பார்கள்.

அடுத்து மரத்தின் பின்பக்கம் போய், வாயின் மட்டத்துக்கு ஒன்று இரண்டு அங்குலம் மேலே, மட்டமாக அறுக்கத் தொடங்குகிறார்கள். இது பின்வெட்டு. இதை வாய்வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்துவிடக் கூடாது. நடுவில் குறுக்களவில் பத்தில் ஒரு பங்கு, நம் மரத்துக்கு இரண்டு அங்குலம், அறுக்காமல் விட வேண்டும். அந்த இரண்டு அங்குல மரநார்தான் கீல். பின்வெட்டு ஆழமாகப் போகப்போக அதற்குள் ஆப்பு அடித்துக்கொண்டே வருவார்கள். ஆப்பு இரண்டு காரியம் செய்கிறது: மரம் பின்னால் உட்கார்ந்து ரம்பத்தைக் கடிக்காமல் பார்த்துக்கொள்கிறது, மரத்தை முன்பக்கம் கொஞ்சம் கொஞ்சமாக எழுப்பித் தள்ளுகிறது. தேவைப்பட்டால் உச்சியில் முன்கூட்டியே கட்டிவைத்த வடத்தைத் தூரத்திலிருந்து நாலைந்து பேர் இழுப்பார்கள். "இறுக்கிப் புடிங்கடா, இழுக்காதீங்க, நான் சொல்றப்போ இழுங்க!" என்று மேஸ்திரியின் குரல் மட்டும் கேட்கும்.

மரம் முதலில் அசைவதே தெரியாது. உச்சி இலைகள் காற்றில்லாமல் ஆடும். பின்வெட்டின் இடுக்கு மெல்ல விரியும். நார் முறிகிற சத்தம் ஒன்று, ரெண்டு, பிறகு வரிசையாக. மெஷின்காரர் ரம்பத்தை அப்படியே விட்டுவிட்டோ கையில் எடுத்துக்கொண்டோ சுத்தம் செய்த பாதையில் விலகுகிறார். கீல் மடங்குகிறது, மரம் அந்தக் கோட்டைச் சுற்றியே சாய்கிறது, முன்வெட்டின் வாய் மூடுகிற நேரத்தில் கீல் அறுந்துவிடுகிறது. அதற்குள் மரம் வழியைப் பிடித்துவிட்டது. காற்றின் தடையைக் கணக்கில் எடுக்காமல் பார்த்தால், 60 அடி மரத்தின் உச்சி தரையைத் தொடும்போது அதன் வேகம் மணிக்கு 80 கிலோமீட்டருக்கு மேல் இருக்கும்.

தவறு எங்கே வரும் என்றால், அநேகமாக இந்தக் கீலில்தான். அவசரத்தில் கீலையும் சேர்த்து அறுத்துவிட்டால் மரம் அடியிலிருந்து கழன்றுவிடும், பிறகு அது எந்தப் பக்கம் போகும் என்று யாராலும் சொல்ல முடியாது. கீல் ஒரு ஓரம் தடிமனாகவும் மறு ஓரம் மெல்லியதாகவும் இருந்தால், மரம் தடித்த பக்கமாகத் திரும்பிவிடும். அனுபவசாலிகள் பக்கவாட்டில் லேசாகச் சாய்ந்த மரத்தைத் திருத்த இதையே வேண்டுமென்று செய்வார்கள். முன்பக்கம் மிகவும் சாய்ந்த மரத்தில் முன்வெட்டைப் போதுமான அளவு வெட்டாமல் பின்வெட்டைத் தொடங்கினால், அடிமரம் நின்ற நிலையிலேயே செங்குத்தாகப் பிளந்து, பின்பாதி மேலே எகிறி, பின்னால் நிற்கிறவர் முகத்தை நோக்கி வரும். இந்தத் தொழிலில் ஆளைக் கொல்லும் விபத்துகளில் இதுவும் ஒன்று. இன்னொன்று, விழுந்த மரம் தரைக்கு வராமல் பக்கத்து மரத்தில் சாய்ந்து தொங்கிவிடுவது. அதன் அடியில் போய் நின்று எதையும் அறுக்கக் கூடாது. வடம் கட்டித் தூரத்திலிருந்து அடிமரத்தை இழுத்துத்தான் இறக்க வேண்டும். மதியச் சாப்பாட்டுக்கு நேரமாகிவிட்டது என்று தொங்கும் மரத்தை அப்படியே விட்டுப் போவது எல்லாவற்றையும்விடக் கேடு.

சரிவில் இன்னொரு கணக்கும் உண்டு. மேட்டுப்பக்கம் சாய்த்தால் மரம் விழுந்ததும் கீழ்நோக்கி வழுக்கி, வெட்டியவர் மேலேயே வரலாம். பள்ளத்தின் பக்கம் சாய்த்தால் கூடுதல் தூரம் விழுந்து அடிமரமே முறியும், மில்காரர் விலையைக் குறைப்பார். அதனால் முடிந்தவரை சரிவுக்குக் குறுக்கே, கொஞ்சம் சாய்மானமாகக் கிடத்துவார்கள்.

விழுந்த பிறகு

மரம் விழுந்ததும் பாதி வேலை முடிந்ததாக நினைப்போம். இல்லை. கிளை கழித்து, மில் கேட்கும் நீளத்துக்குத் துண்டு போட வேண்டும். மேடு பள்ளத்தில் குறுக்கே கிடக்கும் கட்டையில் மேல்பக்கம் நெருங்கிக்கொண்டிருக்கும், கீழ்ப்பக்கம் இழுபட்டுக்கொண்டிருக்கும். மேலிருந்தே முழுசாக அறுத்தால் ரம்பம் மாட்டிக்கொள்ளும். மேலே கொஞ்சம் அறுத்துவிட்டு, பிறகு கீழிருந்து மேல்நோக்கி அறுக்க வேண்டும். அறுக்கிறவர் எப்போதும் மேட்டுப்பக்கம் நிற்க வேண்டும், துண்டான கட்டை உருளுவது பள்ளத்தை நோக்கி.

மெஷினைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். சங்கிலி நொடிக்கு 20 மீட்டர் வேகத்தில் ஓடுவது. சங்கிலி சுற்றி ஓடும் இரும்புப் பட்டையின் முனையில் மேல் கால்பகுதி கட்டையில் பட்டால் மெஷின் அப்படியே தலையை நோக்கி எகிறும். சங்கிலி கூராக இருக்கிறதா என்று அறிய, கீழே விழுவதைப் பார்த்தால் போதும். செதில் செதிலாக விழுந்தால் நல்லது. மாவாக விழுந்தால் மழுங்கிவிட்டது, உட்கார்ந்து உருட்டு அரத்தால் ஒவ்வொரு பல்லாக ராவ வேண்டும். சத்தம் 100 டெசிபலுக்கு மேல். 85-ஐத் தாண்டினாலே நாள் முழுக்கக் கேட்கும் காதுக்குக் கெடுதல். மெஷின்காரர்கள் பலர் டீக்கடையில் உரக்கப் பேசுவது சுபாவத்தால் அல்ல. வருடக்கணக்கில் அதிர்வு பட்ட விரல்கள் மலைக்குளிரில் மரத்து, வெளுத்துப்போவதும் உண்டு. சில்வர் ஓக்கின் சாறும் தூளும் சிலர் தோலில் பட்டால் அரிப்பும் கொப்புளமும் வரும். அதற்கு அவர்கள் வைத்திருக்கும் மருந்து தேங்காய் எண்ணெய்.

கன அடிக் கணக்கு

கட்டையை அளப்பது கன அடியில். அளக்கும் முறையைக் கேட்டால் எளிதாக இருக்கும். கட்டையின் நடுவில் நாடாவைச் சுற்றிச் சுற்றளவு எடு, அதை நாலால் வகு, வந்ததை அதாலேயே பெருக்கு, பிறகு நீளத்தால் பெருக்கு. நடுவில் 4 அடி சுற்றளவும் 20 அடி நீளமும் உள்ள கட்டைக்கு: நாலில் ஒரு பங்கு 1 அடி, ஒன்றை ஒன்றால் பெருக்கினால் 1, இருபதால் பெருக்கினால் 20 கன அடி.

ஆனால் உருண்டைக் கட்டையின் உண்மையான கன அளவு அது இல்லை. பள்ளிக்கூடத்து வட்டக் கணக்குப்படி அதே கட்டை 25 கன அடிக்கும் சற்று மேலே வரும். அதாவது இந்தக் கணக்கு நூற்றுக்கு இருபத்தொன்று, இருபத்திரண்டு பங்கை விட்டுவிடுகிறது. காரணம் உண்டு: உருண்டையைச் சதுரமாக அறுக்கும்போது ஓரத்தில் போகும் சக்கைக்கும் பட்டைக்கும் தூளுக்கும் இது தோராயமான கழிவு. ஆங்கிலேயர் காலத்திலிருந்து வரும் வழக்கம். வாங்குகிறவர் விற்கிறவர் இருவருக்கும் தெரிந்ததாகையால் விலையும் அதற்கேற்ப அமைந்துவிடுகிறது.

கன அடிக்கு இவ்வளவு என்று கூலி பேசிக்கொண்டு வெட்டுகிறவருக்குத்தான் இது இடிக்கும். அவர் அறுத்ததும் உருட்டியதும் சுமந்ததும் 25, கணக்கில் ஏறுவது 20. அதற்கு மேல் நாடாவை இறுக்கிப் பிடிப்பது, பட்டையைக் கழித்து அளப்பது, அரை அடியை விட்டுவிடுவது என்று கையாளும் வித்தைகள் வேறு. எனக்குத் தெரிந்த மேஸ்திரி ஒருவர் அளக்கும் நாளில் மட்டும் தன் பையனைக் கூட அழைத்துவருவார். பையன் பன்னிரண்டாம் வகுப்பில் கணக்குப் படிக்கிறவன். நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு பக்கத்தில் நின்றாலே போதும், நாடா தளர்ந்துவிடும் என்பார்.

நாள் கூலி, மரத்துக்கு இவ்வளவு, மொத்தமாகக் காண்ட்ராக்ட் என்று வேறு முறைகளும் உண்டு. மரத்துக்கு இவ்வளவு என்று பேசினால் வேகம்தான் காசு. நான் மேலே சொன்ன சுற்றி நடக்கிற நடையும், பாதை சுத்தம் செய்வதும், வாயில் கைவிட்டுப் பார்ப்பதும் எல்லாம் அந்தக் கூலி முறையில் வெட்டி நேரமாகத் தெரிய ஆரம்பிக்கும். என் கருத்தில் இந்தத் தொழிலின் ஆபத்தில் பாதி மரத்தில் இல்லை, கூலி பேசுகிற முறையில் இருக்கிறது.

லாரிவரை

அந்த 20 கன அடிக் கட்டையின் எடை என்ன? பச்சை மரம் ஏறத்தாழத் தண்ணீரின் எடை என்று வைத்தால், உண்மையான 25 கன அடிக்கு 700 கிலோ. ஆனைமலையில் யானையை வைத்து இழுத்தார்கள். சேர்வராயன் மலையில் அந்த வசதி கிடையாது. இங்கே கடப்பாரையும் வடமும் ஆளும்தான். வழி இருந்தால் டிராக்டர்.

லாரியில் ஏற்றுவது மட்டும் பார்க்கவேண்டிய காட்சி. தரையிலிருந்து லாரித் தளத்துக்கு இரண்டு நீளக் கட்டைகளைச் சாய்வாக வைக்கிறார்கள். வடத்தின் ஒரு முனையை லாரியில் கட்டி, வடத்தைக் கீழே கொண்டுவந்து கட்டைக்கு அடியில் சுற்றி, மறுமுனையை மேலே நிற்கிறவர்கள் இழுக்கிறார்கள். கட்டை தானே ஒரு கப்பியாக உருண்டு ஏறுகிறது. இந்தச் சுற்றினால் இழுக்க வேண்டிய விசை பாதியாகிறது. 4 அடி உயரத் தளத்துக்கு 12 அடிச் சாய்வுக் கட்டை என்றால், சாய்வு மூன்றில் ஒரு பங்கு, அதில் பாதி: உராய்வை விட்டுவிட்டால் 700 கிலோவைச் சுமார் 120 கிலோ இழுப்பில் ஏற்றிவிடலாம். ஆறு பேருக்குத் தலைக்கு 20 கிலோ. இந்தக் கணக்கை ஒருவரும் போட்டதில்லை, எல்லோருக்கும் தெரியும். "ஐலசா" சொல்லி ஒரே நேரத்தில் இழுப்பதில்தான் விஷயம். ஒருவர் முந்தினாலும் கட்டை ஒரு பக்கம் கோணி, சாய்வுக் கட்டையிலிருந்து நழுவும். கீழே ஆப்பு வைக்கிறவர் காலைக் கவனமாக வைத்திருக்க வேண்டும்.

பிறகு லாரி இருபது கொண்டை ஊசி வளைவுகளில் இறங்கியோ, குப்பனூர் வழியாகவோ சேலம் வந்து சேரும்.

அடிபட்டால்

சர்வதேச தொழிலாளர் அமைப்பு 1998-ல் வனத் தொழில்களுக்கென்றே ஒரு பாதுகாப்பு நெறிமுறை வெளியிட்டது. தலைக்கவசம், காதுக்கும் கண்ணுக்கும் காப்பு, காலில் ரம்பம் கிழிக்காத உடை என்று அதில் பட்டியல் நீளம். தோட்டத்தில் நான் பெரும்பாலும் பார்த்தது லுங்கி, தலையில் துண்டு, ரப்பர் செருப்பு. நம் நாட்டில் 1923-ஆம் ஆண்டின் இழப்பீட்டுச் சட்டத்தின் அட்டவணையிலேயே மரம் வெட்டும் வேலை பெயர் சொல்லிச் சேர்க்கப்பட்டிருந்தது. அதாவது இது ஆபத்தான தொழில் என்பது பல காலத்துக்கு முன்பே எழுதிவைத்த விஷயம். ஆனால் இழப்பீடு கேட்க வேண்டுமானால் யார் முதலாளி என்று காட்ட வேண்டும். தோட்டக்காரர் மரத்தை நின்ற நிலையில் வியாபாரிக்கு விற்றிருப்பார், வியாபாரி மேஸ்திரியிடம் காண்ட்ராக்ட் விட்டிருப்பார், மேஸ்திரி தன் மச்சானையும் பக்கத்து வீட்டுப் பையனையும் அழைத்து வந்திருப்பார். எங்கும் ஒரு காகிதம் இருக்காது. உங்கள் தோட்டத்திலோ வீட்டிலோ மரம் வெட்ட ஆள் வைத்தால், யார் பெயரில் வேலை, எத்தனை பேர், என்ன கூலி என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து வாங்கி வையுங்கள். காப்பீடு எடுக்கச் சொல்லுங்கள். மரத்தின் விலையோடு பார்த்தால் அது பெரிய செலவில்லை.

தூர்

மரம் போனபின் மிஞ்சுவது தூர். அதை அப்படியே மண்ணில் விட்டால் வேர் அழுகல் பூஞ்சை பிடித்து, அங்கிருந்து காபிச் செடிகளின் வேருக்குப் பரவலாம். அதனால் தூரைத் தோண்டி எடுப்பதுதான் சரியான முறை. ஆனால் அது வெட்டுவதைவிட நேரம் தின்கிற வேலை, அதற்குக் கூலி தனியாகப் பேச வேண்டும். பல தோட்டங்களில் அந்த இடத்தில்தான் பேச்சு நின்றுபோகும். தூர் எடுத்த குழியில் புதுக் கன்று வைத்தாலும் அது நிழல் தரச் சில வருடமாகும், அதுவரை கீழே இருக்கும் காபி வெயிலில் வாடும். விவரமான தோட்டக்காரர்கள் மரத்தை விற்பதற்குச் சில வருடம் முன்பே பக்கத்தில் கன்றை நட்டுவிடுவார்கள். அப்படி நட்டிருந்தால் மேஸ்திரிக்கு இன்னொரு வேலை சேர்ந்துவிடும்: பெரிய மரத்தை அந்தக் கன்றின்மேலும் விழாமல் சாய்க்க வேண்டும்.